கேமராவுக்குப் பக்கத்தில் நின்றவள்

பெரிய நடிகர்களைப் பற்றிய கதைகளில் ரசிகர்கள் வருவார்கள், காதலிகள் வருவார்கள், அவர்கள் வளர்த்த நாய்கூட வரும். தட்டில் கடிதம் ஏந்தி வரும் வேலைக்காரியாக நடித்தவள் மட்டும் வரமாட்டாள். இந்தக் கதை அவளுடையது.

சொலாஞ்ச் வெர்னியே பாரிஸ் நகரத்து நடிகை. பகலில் சினிமா, மாலையில் நாடகம். இரண்டிலும் வேலைக்காரி வேஷம். பதினான்கு வருடங்களில் எந்தக் கேமராவும் அவள் முகத்தை அருகில் வந்து பார்த்ததில்லை. நாளை பார்ப்பதாக இருந்தது.

நாடகம் தொடங்குமுன் அவள் கிளெமான்ஸைத் தேடிப் போனாள். மேடை விளிம்பிலுள்ள குழிக்குள் அமர்ந்து, நடிகர்கள் மறக்கும் வசனத்தை மெல்ல எடுத்துக்கொடுப்பவர் கிளெமான்ஸ். சொலாஞ்சைவிட எட்டு வயது இளையவர். ஆனாலும் நடிப்பில் அவள் குருவாக ஏற்றுக்கொண்டது அவரைத்தான்.

“வேஷம் போய்விடும் போலிருக்கிறது, மதாம்.”

“என்ன செய்து தொலைத்தாய்?”

“ஒன்றும் செய்யவில்லை.”

“அதுதான் குற்றமா?”

சொலாஞ்ச் நடந்ததைச் சொன்னாள். படத்தில், பிரபுவாக நடிக்கும் கதாநாயகன், வேலைக்காரியாக வரும் அவளிடம் அவளுடைய மகன் போரில் இறந்த செய்தியைச் சொல்கிறான். ‘அவன் காலணியை நேற்றுதான் தைக்கக் கொடுத்தேன், ஐயா’ என்கிறாள் அவள். அதைக் கேட்டுப் பிரபு உடைந்துபோக வேண்டும். இன்று கேமரா அவன் முகத்தை மட்டும் எடுத்தது. அவள் கேமராவுக்குப் பக்கத்தில் நின்று வசனத்தைச் சொல்ல வேண்டும். சொன்னாள், காய்கறிப் பட்டியலை வாசிப்பதைப் போல. ஒன்பது தடவை எடுத்தும் அவனுக்குக் கண்ணீர் வரவில்லை. நாளைக் காலையும் இப்படியென்றால் அவள் காட்சியை வேறொருத்திக்குக் கொடுத்துவிடுவதாக இயக்குநர் சொல்லிவிட்டார்.

“படத்தில் விழப்போவது அவன் மூஞ்சி. அதற்கு நான் ஏன் உருக வேண்டும்?”

கிளெமான்ஸ் குழிக்குள் இறங்கினார். “உன் முகம் வரும் காட்சியை நடித்துக் காட்டு. பிரபுவின் வசனத்தை நான் சொல்கிறேன்.”

சொலாஞ்ச் மேடையில் நின்றாள். பதினான்கு வருடம் காத்திருந்த முகத்தைத் தயார் செய்துகொண்டாள்.

“உன் மகன் இறந்துவிட்டான்” என்றது குழி, ரயில் வரும் நேரத்தை அறிவிக்கும் குரலில்.

சொலாஞ்சுக்குக் கண் கலங்கவில்லை. “மறுபடி, மதாம்.”

மறுபடியும் அதே குரல். மூன்றாம் தடவை நடுவே ஒரு கொட்டாவி வேறு.

“உயிரோடு சொல்லித் தொலையுங்கள்! இப்படிச் சொன்னால் எவளுக்கு அழுகை வரும்?”

குழியின் விளிம்புக்கு மேல் கிளெமான்ஸின் தலை எழுந்தது.

“டிக்கெட் வாங்கியவர்களில் யாருக்கு என் மூஞ்சி தெரிகிறது, சொலாஞ்ச்?”



மறுநாள் காலை சொலாஞ்ச், கேமராவின் கண் படாத இடத்தில் நின்று தன் வசனத்தைச் சொல்லி அழுதாள். கதாநாயகனின் காட்சி முதல் தடவையிலேயே முடிந்தது. அவளுடைய முறை வந்தபோது அவன் வீட்டுக்குப் போயிருந்தான். உதவியாளர் ஒருவர் தாளைப் பார்த்து வசனத்தை வாசித்தார். அதைக் கேட்டும் அழுதாள்.

அதன்பின் இருபத்திரண்டு வருடம் நடித்தாள். பெயர்ப் பட்டியலில் அவள் பெயர் ஒருபோதும் முதல் பத்துக்குள் வரவில்லை. கேமராவுக்குப் பக்கத்தில் நின்ற நாட்களில் அவள் ஒரு சொல்லைக்கூட வெறுமனே வாசிக்கவில்லை.