ரப்பர் முகம்

"மரத்தில் செதுக்கிய முகம் எப்படி அழுகிறது, ஆசிரியரே?"

கேட்டவர் ஹயாமா. தொலைக்காட்சித் தொடர் ஒன்றில் ராட்சத விலங்கின் ரப்பர் உடைக்குள் நுழைந்து நடிப்பவர்.

சுகியுரா என்ற அந்த ஆசிரியை, 'நோ' என்னும் பழைய ஜப்பானிய நாடகத்தில் மர முகமூடி அணிந்து நடிப்பவர். இருவருக்கும் கிட்டத்தட்ட ஒரே வயது.

தொடரின் கடைசிப் பகுதியில் அந்த விலங்கு தன் குட்டியைப் பறிகொடுக்க வேண்டும். ஒத்திகையில் ஹயாமா மார்பில் அடித்துக்கொண்டு புரண்டார். குழுவினர் சிரித்துவிட்டார்கள்.

 சுகியுரா அவரை ரப்பர் தலையை மாட்டிக்கொண்டு எதிரே உட்காரச் சொன்னார்.

ஹயாமா அழுவதுபோல் தோள்களைக் குலுக்கினார்.

"நாளை வாருங்கள்."

மறுநாள் கைகளால் முகத்தைப் பொத்திக்கொண்டார்.

"நாளை வாருங்கள்."

ரப்பர் தலையை மடியில் வைத்துக்கொண்டு தினமும் இரண்டு மணி நேரம் ரயிலில் வந்தார். எதிரே உட்கார்ந்தவர்கள் படம் எடுத்தார்கள். அவர் கண்டுகொள்ளவில்லை.

இருபத்து மூன்றாம் நாள், சுகியுராவின் வாசலில் ஹயாமா செருப்பைக் கழற்றும்போது இயக்குநர் தொலைபேசியில் அழைத்தார். கண்ணீரைக் கணினியில் வரைந்துகொள்ளலாம், இனி சிரமப்பட வேண்டாம் என்றார்.

"படப்பிடிப்புக்கு இன்னும் எட்டு நாள் இருக்கிறது," என்றார் ஹயாமா. "அதுவரை வரையாதீர்கள்."

உள்ளே போய்த் தலையை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தார். அன்று அவருக்குச் செய்துகாட்ட எதுவும் மிச்சமில்லை.

சுகியுரா முதல்முறையாக ஒரு கேள்வி கேட்டார். "உங்கள் வீட்டில் யாராவது இறந்திருக்கிறார்களா?"

"தம்பி. மீன்பிடிக்கப் போன படகு திரும்பவில்லை."

"சேதி வந்தபோது புரண்டு அழுதீர்களா?"



"இல்லை. துறைமுகத்தில் நின்றுகொண்டிருந்தேன். அம்மா வந்து என்ன ஆயிற்று என்று கேட்டாள். அவள் முகத்தைப் பார்க்க முடியவில்லை."

சொல்லும்போதே தலை கொஞ்சம் தாழ்ந்தது. ஒரு விரற்கடை இருக்கும். கண்ணாடிக் கண்களின் மேல் புருவத்தின் நிழல் விழ, ரப்பர் முகம் அழுவதுபோல் இருந்தது.

சுகியுரா சட்டென்று கையை உயர்த்தினார்.

"போதும். இதற்குமேல் குனிந்தால் நடிப்பாகிவிடும்."