நான்கு விரற்கடை குறைந்த பாதி

“எண்ணிக்கை தவறவில்லை, அம்மா. தவறியது நூலாகத்தான் இருக்க வேண்டும்.”

ஏனோக் வாசற்படியிலேயே தொடங்கிவிட்டார். தோளில் கிடந்த இரண்டு நெசவுச் சுருள்களை அவர் இன்னும் இறக்கி வைக்கவில்லை.

தறியில் அமர்ந்திருந்த கெசையா இழைகளுக்கிடையே ஓடிய நாடாவை நிறுத்தவில்லை.

“நூலுக்கு வாயில்லை. அதன்மேல் பழி போடுவது எளிது” என்றாள். “உட்காருங்கள்.”

அவர் உட்காரவில்லை.

ஒஹையோ நதிக்கரையின் குன்றுகளிலிருந்து குதிரை வண்டிகள் மேற்கே போய்க்கொண்டிருந்த காலம் அது. ஏனோக் வண்டிச் சக்கரம் செய்யும் தச்சர். ஐம்பத்தெட்டு வயது. நெசவுக்காரி கெசையா அவரைவிட இருபது வயது இளையவள். நெசவு கற்க வந்த முதல் நாள் அவளை “பெண்ணே” என்றுதான் அழைத்தார். முதல் இழை அறுந்த அன்று அது “அம்மா” ஆயிற்று.

அவரைத் தறிக்குக் கொண்டுவந்தது ஒரு கூடை நூல். மகள் ஹல்டாவின் மணப் போர்வைக்காக அவர் மனைவி ரோடா தன் கையால் நூற்று, நீலம் தோய்த்து, கூடை நிறைய வைத்துவிட்டு இறந்துபோனாள். மற்றவர்கள் நூலை நெசவாளரிடம் கொடுத்துப் போர்வையாக வாங்கிக்கொள்வார்கள். ஏனோக்கால் அந்தக் கூடையைக் கொடுக்க முடியவில்லை. ஆகவே தம்மையே கொண்டுவந்து கொடுத்தார். ஓராண்டு கற்றார். பிறகு தம் பட்டறையில் தாமே ஒரு தறி செய்து போட்டுக்கொண்டார்.

தறியின் அகலம் நெய்பவரின் கை எட்டும் அளவுதான். அதனால் அந்நாட்டார் படுக்கைப் போர்வையை இரண்டு நீண்ட பாதிகளாக நெய்து, நடுவில் தைத்துச் சேர்ப்பார்கள். ஒவ்வொரு பாதியின் உள் ஓரத்திலும் அரைச் சக்கரங்கள் வரிசையாக நிற்கும். தையலில் இரண்டும் சந்தித்தால் முழுச் சக்கரம்.

“விரியுங்கள்” என்றாள் கெசையா.

அவர் இரண்டு பாதிகளையும் தரையில் அருகருகே விரித்தார். வெள்ளைப் பருத்தியின்மேல் நீலக் கம்பளிச் சக்கரங்கள். முதற்சக்கரம் பொருந்தியது. மூன்றாவது சற்றே நழுவியது. பத்தாவதில் ஒரு பாதி முடிந்துபோக, மற்றது நான்கு விரற்கடை நீண்டு நின்றது.

“சக்கரத்துக்குக் குறுக்கே ஓடும் ஊடை இழை நூற்றெண்பது. இரண்டு பாதியிலும் அதே நூற்றெண்பது. கரியால் சுவரில் கோடு போட்டு எண்ணினேன்.”

“அளந்தீர்களா?”

“எண்ணும்போது எதற்கு அளக்க வேண்டும்?”

“சக்கரத்துக்கு ஆரங்களை எண்ணிவிட்டு வெளி வட்டையை அளக்காமல் விடுவீர்களோ?”

ஏனோக்கின் காது மடல் சிவந்தது.

கெசையா தறியை விட்டு இறங்கி, இரண்டு பாதிகளுக்கும் நடுவே மண்டியிட்டாள். நீண்ட பாதியின் சக்கரங்கள் நிலவைப்போல உருண்டையாக இருந்தன. குட்டைப் பாதியின் சக்கரங்கள் யாரோ மேலே ஏறி உட்கார்ந்ததுபோல நசுங்கியிருந்தன.

“முதற்பாதி நெய்த நாட்களில் என்ன சாப்பிட்டீர்கள்?”

“இது என்ன கேள்வி?”

“சொல்லுங்கள்.”

“ஹல்டா சுட்ட சோள ரொட்டி. சூடாகக் கொண்டுவந்து நான் உட்காரும் பலகையிலேயே வைப்பாள். பக்கத்தில் உட்கார்ந்து ஏதாவது பேசிக்கொண்டும் இருப்பாள்.”

“இரண்டாம் பாதிக்கு?”

அவர் சன்னலைப் பார்த்தார்.

“நானே காய்ச்சிய கஞ்சி.”

“அதுதான்” என்றாள் கெசையா. “கஞ்சியில் உப்பில்லை. ஊடையை நெருக்கும் தறிப்பலகையை ஓங்கி ஓங்கி அடித்திருக்கிறீர்கள். ஊடை ஒன்றன்மேல் ஒன்று ஏறி நெருங்கிவிட்டது.”

அவர் சிரிக்கவில்லை.

நடந்தது அந்தக் குன்றுகளில் அனைவருக்கும் தெரியும். ஹல்டாவை மணக்கவிருந்த சைலஸ், மணம் முடிந்த கையோடு மேற்கே நிலம் தேடிப் போவதாகச் சொன்னான். அவள் தானும் போவதாகச் சொன்னாள். “அந்த வண்டி நிற்க என் வாசலில் இடமில்லை” என்றார் ஏனோக். அன்று மாலையே அவள் ஓடைக்கு அக்கரையிலிருந்த, ரோடாவின் தங்கை வீட்டுக்குப் போய்விட்டாள். ஆறு வாரங்கள் ஆகிவிட்டன. மணமும் அங்கேயே நடந்து முடிந்தது. அவர் போகவில்லை. பட்டறையில் தறிப்பலகை அடிக்கும் ஓசை மட்டும் அன்று முழுதும் கேட்டது.

வண்டி திங்கட்கிழமை புறப்படுகிறது. இன்று சனிக்கிழமை.

“நீண்டதை வெட்டிவிடலாமா?” என்றார்.

“சக்கரத்தில் நான்கு விரற்கடை அறுத்தெடுத்தால் வண்டி ஓடுமா?”

“குட்டையைப் பிரித்து மறுபடி நெய்கிறேன்.”

“மூன்று வாரம் ஆகும். வண்டியை நிறுத்தி வைப்பீர்களோ?”

அவர் இரண்டு பாதிகளாகவே யார் கையிலாவது கொடுத்தனுப்பலாம் என்று ஒரு கணம் நினைத்தார். ரோடா அவ்வளவு நூலையும் நூற்றது இரண்டு துண்டுகளுக்காக அல்ல என்பதும் அடுத்த கணமே நினைவுக்கு வந்தது.

“வழியே இல்லையா, அம்மா?”

“உண்டு. குட்டைப் பாதியை வெந்நீரில் நனைத்துப் பிழிய வேண்டும். ஈரக் கம்பளி கொஞ்சம் இளகும். பிறகு ஒருவர் அதன் முனையைப் பிடித்து இழுக்க, மற்றவர் நீண்ட பாதியைத் துளித்துளியாகச் சுருக்கிக் கொடுத்துத் தைக்க வேண்டும். பத்துச் சக்கரமும் சேரும். ஒற்றை ஆளால் ஆகாது.”

ஏனோக்கின் முகம் தெளிந்தது. சட்டைக் கையை மடித்தார்.

“அப்படியானால் உட்காருங்கள், அம்மா. நான் இழுக்கிறேன்.”

கெசையா தன் கைகளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். காலையில் கழுவிய, சுத்தமான கைகள்.

எழுந்து கொல்லைக்குப் போனாள். அவர் பின்னாலேயே போனார்.

அவுரிச் சாயத் தொட்டியின் மூடியை அவள் விலக்கினாள். இரண்டு கைகளையும் முழங்கைவரை உள்ளே விட்டாள். நிதானமாக வெளியே எடுத்தாள். முதலில் பச்சையாக இருந்தன. காற்றுப் பட்டதும், அவர் பார்த்துக்கொண்டிருக்கும்போதே, நீலமாயின.

“ஐயோ, என்ன செய்தீர்கள்!”

“சாயம் போட்டேன்.”

“இந்தக் கையோடு வெள்ளைப் பருத்தியைத் தொட முடியாதே!”

“முடியாது.”

“எப்போது போகும்?”

“தேய்த்துக் கழுவினால், ஒரு வாரம்.”

ஏனோக் தொட்டிக்குள் எட்டிப் பார்த்தார். நூல் இருந்தால் மன்னித்துவிடலாம் என்றுதான் பார்த்தார். ஓர் இழைகூட இல்லை.

“சபைப் பெண்களில் யாரையாவது கூப்பிடுகிறேன்” என்றார் கோபமாக.

“கூப்பிடுங்கள். நல்ல கைகாரிகள். இந்தப் பாதி ஏன் உருண்டை, அந்தப் பாதி ஏன் சப்பை என்று மட்டும் கேட்பார்கள். பதிலை யோசித்து வைத்துக்கொள்ளுங்கள்.”

அவர் தொட்டியை மூடினார்.

நீலக் கைகளைத் தன் மேல் படாமல் விரித்துப் பிடித்தபடி, கெசையா உள்ளே போய்விட்டாள்.

ஏனோக் இரண்டு பாதிகளையும் சுருட்டித் தோளில் போட்டுக்கொண்டார். வீட்டுக்குப் போகும் பாதை இடப்பக்கம் பிரிந்தது. ஓடைக்குப் போகும் பாதை வலப்பக்கம். பாலத்தில் ஏறிய பிறகுதான் எந்தப் பக்கம் வந்தோம் என்பதை அவர் கவனித்தார்.

அக்கரை வீட்டில் ஹல்டா பீங்கான் தட்டுகளைத் தவிட்டுக்குள் புதைத்துப் பீப்பாயில் அடுக்கிக்கொண்டிருந்தாள். நிழல் விழவும் நிமிர்ந்தாள். கையிலிருந்த தட்டைக் கீழே வைக்க மறந்தாள்.

“அன்று என் வாசலில்…” என்று தொடங்கினார் அவர். தோளிலிருந்த சுருள்களை இறக்கினார். “சக்கரம் பொருந்தவில்லை, ஹல்டா” என்றார்.

அவள் மேசையைக் காலி செய்தாள். பாதிகளை விரித்து, ஒவ்வொரு சக்கரமாக விரலால் தடவிக்கொண்டு போனாள். கடைசியில் விரல் நின்றது.

“இந்த நீளமானது?”

“நீ இருந்தபோது.”

அடுத்ததைப் பற்றி அவள் கேட்கவில்லை. அதன்மேல் உள்ளங்கையை வைத்து அழுத்திப் பார்த்தாள்.

“அப்பா, இதைப் போர்த்திக்கொண்டால் ஆலங்கட்டி மழைகூட உள்ளே வராது. ஊசி எப்படி இறங்கும்?”

“கஞ்சியில் உப்பில்லை” என்றார் ஏனோக்.

அவளுக்குப் புரியவில்லை. ஆயினும் சிரித்துவிட்டாள். உடனே புறங்கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

“கெசையா அம்மா தைத்துக் கொடுக்கமாட்டேன் என்றாரா?”

“கையைச் சாயத் தொட்டியில் விட்டுவிட்டார்.”

“இன்று நூல் தோய்த்தாரா?”

“இல்லை.”

ஹல்டாவுக்கு இது புரிந்துவிட்டது; ஊசியை எடுத்து மேசைமேல் வைத்தாள். பிறகு அடுப்பிலிருந்து வெந்நீரை இறக்கினாள். குட்டைப் பாதியை இருவருமாக நனைத்துப் பிழிந்தார்கள். அதன் ஒரு முனையைத் தந்தையின் கையில் கொடுத்துவிட்டு, மேசையின் மறுமுனைக்குப் போய் ஊசியில் நூல் கோத்தாள். முதற்சக்கரத்தைச் சேர்த்து முடிச்சிட்டாள்.

“இறுக்கிப் பிடியுங்கள், அப்பா” என்றாள். “நான் தைத்துக்கொண்டே அங்கே வந்து சேரும்வரை விட்டுவிடாதீர்கள்.”