கழற்றி வைத்தவை

சுலைகாவிடம் தொழில் கற்க வந்தவர்களில் நல்லபெருமாள்தான் வயதில் மூத்தவர். சுலைகாவுக்கே பத்துப் பன்னிரண்டு வயது மூத்தவர். வீடு வீடாக வயரிங் செய்துகொண்டிருந்த மனிதர், ஒருநாள் பாளையங்கோட்டையில் ஒரு வணிக வளாகத்தின் மாடியில் இருந்த அவளுடைய கம்ப்யூட்டர் ரிப்பேர் கடைக்கு ஏறி வந்து, "எனக்கும் கம்ப்யூட்டர் போர்டு பாக்கக் கத்துக்குடுங்க டீச்சர்" என்று நின்றார். அவர் அவளை டீச்சர் என்றார். அவள் அவரை அண்ணே என்றாள். குரு யார், சீடர் யார் என்பதில் இருவருக்கும் ஒருநாளும் குழப்பம் வந்ததில்லை.

தங்கையின் பிரசவத்துக்காகச் சுலைகா காயல்பட்டினம் போயிருந்தாள். கடையை நல்லபெருமாள் பொறுப்பில் விட்டிருந்தாள். திரும்பி வந்தபோது, அங்கே தொழில் கற்றுக்கொண்டிருந்த பிரிசில்லாவின் ஜன்னலோர ஸ்டூல் காலியாக இருந்தது.

"பிரிசில்லா எங்க அண்ணே?"

"வரல டீச்சர்."

"ஒடம்பு சரியில்லையா?"

"நான்தான் வரவேண்டாம்னு சொன்னேன்."

நடந்ததை அவரே சொன்னார். இதில் மறைக்க என்ன இருக்கிறது என்கிற தோரணையில்தான் சொன்னார். ஒரு போர்டிலிருந்து கழற்றிய சிப் காணாமல் போய்விட்டது. பாதி மிளகு அளவுதான் இருக்கும், ஆனால் சென்னையில் கேட்டாலும் கிடைக்காது. பக்கத்து மேஜை பிரிசில்லாவுடையது. அதே சிப் தன் போர்டுக்கும் வேண்டும் என்று முந்தின நாள்தான் அவள் சொல்லியிருந்தாள். வேறென்ன வேண்டும்? "பையைத் தொற" என்றார். திறந்தாள். சாப்பாட்டு டப்பா, குடை, ஜெபப் புத்தகம். சிப் இல்லை. இல்லாவிட்டால் என்ன, எங்காவது ஒளித்திருப்பாள். "நாளையிலிருந்து வராதே" என்றார்.

"அப்ப யார் யார் இருந்தாங்க?"

"கஸ்டமர் கொஞ்சப் பேரு. எதிர்க்கடை மசூது. டீ கொண்டாந்த மனுசன்."

"சிப்பு?"

நல்லபெருமாள் கழுத்தைச் சொறிந்துகொண்டார். "கெடச்சிட்டு. மைக்ராஸ்கோப்புக்கு அடியில சால்டர் பேஸ்ட்ல ஒட்டிக்கிட்டுக் கெடந்துச்சு. சிப்பக் கழட்ட ஹாட் ஏர் அடிச்சதுல காத்துல பறந்து போயிருக்கு."

"யாரு அடிச்ச ஹாட் ஏர்?"

"நான் அடிச்சதுதான்."

"எப்பக் கெடச்சுது?"

"மறுநாளே."

சுலைகா கைப்பையை ஆணியில் மாட்டினாள்.

"கூப்பிடணும்னுதான் டீச்சர் நெனச்சேன். பொறவு பாத்தா வேல ஒண்ணும் நிக்கல. அவ பாக்க வேண்டிய போர்டையும் சேத்து நானே பாத்துட்டேன். கடை ஓடத்தானே செய்யுது?"

கடை ஓடியது உண்மை. பிரிசில்லா அதே வளாகத்தில் வேறு கடைகளில் வேலை கேட்டாள் என்பதும், எல்லா இடத்திலும் "பாத்துச் சொல்லுதோம்" என்று அனுப்பிவிட்டார்கள் என்பதும் உண்மை. மசூது சொல்லி நல்லபெருமாளுக்கும் அது தெரியும். பையைத் திறந்து காட்டிய பெண் அவள் என்பது மாடி முழுக்கத் தெரிந்திருந்தது. பையில் ஒன்றும் இல்லை என்பதுதான் யாருக்கும் நினைவில்லை.

"மேஜையில என்ன போர்டு?" என்றாள் சுலைகா.

பேச்சு மாறியதில் அவருக்கு மூச்சு வந்தது. "கல்யாண வீடியோ கட் பண்ணுவாருல்ல ஜெபராஜு, அவரு லேப்டாப்பு. பவரே வரல. மெயின் லைன் ஷார்ட்டு."

சார்ஜரிலிருந்து மின்சாரம் போர்டுக்குள் நுழைகிற முதல் வழி அது. அந்த வழியில் ஏதோ ஒன்று செத்து, வருவதையெல்லாம் வந்த கையோடு வீணாகக் கொட்டிக்கொண்டிருக்கிறது. வழிநெடுக மின்சாரத்தைத் தேக்கிக் கொடுக்கும் பழுப்புக் கெப்பாசிட்டர்கள், எள்ளைவிடக் கொஞ்சம் பெரிதாக. மீட்டரை எதில் வைத்தாலும் கத்தியது. பார்த்தால் அத்தனையும் செத்ததுபோலத்தான் இருந்தது.

"இதுல எது கெட்டதுன்னு எப்படி டீச்சர் கண்டுபிடிக்கது? ஒண்ணக் கழட்டுதேன். கழட்டிப் பாத்தா அது நல்லாருக்கு, ஆனா லைன்ல சத்தம் நிக்கல. அடுத்ததக் கழட்டுதேன். அதுவும் நல்லாருக்கு."

பாட்டில் மூடி ஒன்றில் கழற்றிய கெப்பாசிட்டர்கள் குவிந்து கிடந்தன.

சுலைகா போர்டில் காலியாக இருந்த ஓர் இடத்தை ட்வீசர் இடுக்கியால் காட்டினாள். "இத ஏன் மொதல்ல எடுத்தீங்க?"

"சார்ஜர் கனெக்டர் பக்கத்துல இருந்துச்சு."

"இத?"

"கொஞ்சம் கறுத்தாப்ல தெரிஞ்சுது."

"இத?"

"அதுக்குப் பக்கத்துல இருந்துச்சு."

சுலைகா பவர் சப்ளையை இழுத்து, ஒரு வோல்ட்டில் குறைத்து வைத்து, அந்த லைனில் மாட்டினாள். பிரஷ்ஷையும் ஸ்பிரிட் பாட்டிலையும் அவரிடம் நீட்டினாள்.

"போர்டு பூரா நனைங்க. நனைச்சிட்டுக் கண்ண எடுக்காமப் பாருங்க."

நனைத்தார். போர்டு ஈரத்தில் மினுங்கியது. கொஞ்ச நேரம் ஒன்றும் நடக்கவில்லை. பிறகு, கனெக்டருக்குச் சம்பந்தமே இல்லாத மறு ஓரத்தில், விசிறியின் நிழலில், ஒரு புள்ளி மட்டும் சட்டென்று காய்ந்தது. சுற்றிலும் ஈரம் அப்படியே இருந்தது.

"அதுவா? அது எங்கயோ தள்ளிக் கெடக்கு டீச்சர். பளபளன்னு புதுசு மாதிரி வேற இருக்கு."

"தொட்டுப் பாருங்க."

தொட்டவர் விரலை வெடுக்கென்று இழுத்து வாயில் வைத்துக்கொண்டார்.

"அப்ப மீட்டரு ஏன் எல்லாத்துலயும் கத்துச்சு?"

"எல்லாம் ஒரே லைன்ல நிக்குது. ஒண்ணு செத்தா எதுல வச்சாலும் கத்தும். மீட்டரு பொய் சொல்லல அண்ணே. லைன்ல ஷார்ட்டு இருக்கான்னு கேட்டீங்க, இருக்குன்னு சொல்லிச்சு. யாருன்னு அதுகிட்டக் கேக்க முடியாது."

சூடான கெப்பாசிட்டரைக் கழற்றினார். சத்தம் நின்றது. திரையையும் சார்ஜரையும் மாட்டிப் பட்டனை அழுத்தினார். விசிறி ஒரு தடவை திணறிவிட்டுச் சுற்றியது. திரை வெளிச்சமாயிற்று. நல்லபெருமாள் முகத்தில் அப்படி ஒரு சந்தோஷம்.

"ஜெபராஜுக்கு போனப் போடுதேன். காலையிலேருந்து எட்டு வாட்டி கேட்டுட்டாரு."

சுலைகா மூடியை அவர் பக்கம் நகர்த்தினாள். "இதுங்க?"

"அதான் ஓடுதே."

"ஓடுது."

"அதுங்க இல்லாமலே ஓடுது டீச்சர். கம்பெனிக்காரன் ஒரு பாதுகாப்புக்குக் கூடக் கொஞ்சம் போட்டிருப்பான்."

"போட்டிருப்பான்."

"பொறவென்ன? நோண்ட நோண்ட வேற எதுவும் போயிரும். நல்லா இருக்கதக் கெடுப்பானேன்?"

அவள் வாதம் செய்யவில்லை. லேப்டாப்பில் இருந்த ஒரு கல்யாண வீடியோவைத் திறந்து, நீளமான பகுதி ஒன்றைத் தனி வீடியோவாக மாற்றும் வேலையை அதற்குக் கொடுத்துவிட்டுக் கைகட்டி உட்கார்ந்தாள். விசிறி இரைய ஆரம்பித்தது. டீ வந்தது. நல்லபெருமாள் ஊதி ஊதிக் குடித்தார். டம்ளர் காலியாவதற்குள் திரை இருண்டது.

மறுபடி போட்டார். மறுபடியும் வந்தது. மறுபடியும் வேலை கொடுத்ததும் அணைந்தது.

"சும்மா இருக்கும்போது எல்லாம் ஓடத்தான் செய்யும் அண்ணே. பாரம் வரும்போதுதான் தெரியும். எடுத்ததுங்க பங்கையும் மிச்சம் இருக்கதுங்க சுமக்குது."

நல்லபெருமாள் மூடியை எடுத்து விளக்குக்குக் கீழே வைத்துக்கொண்டார். அப்போதுதான் அடுத்த வம்பு தெரிந்தது. எல்லாம் ஒரே பழுப்பு. எதிலும் ஓர் எழுத்துக் கிடையாது. எது எங்கே இருந்தது என்று அவருக்குத் தெரியவில்லை.

அந்தக் கடையில் ஒரு வழக்கம் உண்டு. கழற்றுகிற எதையும் கண்ணாடித் தட்டில் ஒட்டிய இருபக்கப் பசை டேப்பின் மேல், போர்டில் இருந்த அதே வரிசையில் பதித்து வைக்க வேண்டும். சுலைகா முதல் நாள் சொல்லிக்கொடுப்பதே அதுதான். தேடுவது கெட்டதை, நல்லதை எதற்கு அடுக்கி வைக்க வேண்டும் என்று நல்லபெருமாள் இந்த முறை தட்டை எடுக்கவே இல்லை.

"தட்டுல வச்சிருந்தா அஞ்சு நிமிசத்துல முடிஞ்சிருக்கும்" என்றார் அவரே, தனக்குத்தானே.

"ஆமா" என்றாள் சுலைகா. பரணிலிருந்து அதே மாடலில் செத்துப்போன போர்டு ஒன்றை எடுத்துக் கொடுத்தாள். "இதுல எந்த எடத்துல எது இருக்குன்னு அளந்து பாருங்க. பொறவு மூடியில இருக்கதையும் அளந்து சோடி சேருங்க."

மத்தியானம் முழுக்க அதற்கே போயிற்று. கழற்றும்போது ஒரு ஊது ஊதினால் போதுமாக இருந்தது. வைக்கும்போது ஒவ்வொன்றும் தனித்தனியாக வழக்குப் பேசியது. ஒன்று கோணலாக ஒட்டியது. ஒன்று ட்வீசரிலிருந்து தெறித்துப் போனது. நல்லபெருமாள் தரையில் முட்டிபோட்டு, செல்போன் விளக்கை அடித்து அதைத் தேடினார். வாசலில் நின்று பார்த்த மசூது, "என்ன பெருமாளண்ணே, தொழுகையில எங்க வாப்பா மாதிரி சஜ்தாவுல கெடக்கீங்க?" என்றான்.

"ஒன் வேலையப் பாருலே" என்றார் நல்லபெருமாள், மேஜைக்கு அடியிலிருந்து.

கிடைத்தது. வைத்தார். செத்ததன் இடத்தில் புதிதாக ஒன்றை வைத்தார். கடைசியாக மறுபடியும் கல்யாண வீடியோவை ஓடவிட்டார். விசிறி இரைந்தது. திரை அணையவில்லை. மாப்பிள்ளை தாலி கட்டி, பந்தி முடிந்து, பெண்ணை வண்டியில் ஏற்றுகிற வரை அணையவில்லை.

நல்லபெருமாள் முதுகை நிமிர்த்தினார். சுலைகாவின் முகத்தைப் பார்க்காமல் ட்வீசரைத் துடைத்துக்கொண்டே பேசினார்.

"பிரிசில்லாவுக்கு போன் போட்டுச் சொல்லிரட்டுமா? சிப்பு கெடச்சிட்டு, நாளையிலேருந்து வந்துரும்மான்னு?"

"போகச் சொன்னது போன்லயா?"

அவர் துடைப்பதை நிறுத்தினார்.

"இல்ல."

"பொறவு?"

"எல்லாரும் இருக்கும்போது."

சுலைகா அடுத்த போர்டை எடுத்து விளக்குக்குக் கீழே வைத்தாள். நல்லபெருமாள் எளிதில் விட்டுக்கொடுக்கிறவர் இல்லை.

"சரி டீச்சர். எல்லாரையும் கூட்டி வச்சு, நான் செஞ்சது தப்பு, அந்தப் பிள்ள எடுக்கலன்னு சொல்லுதேன். சொன்ன பொறவு அவ, 'ஒங்க வேலையும் வேண்டாம், ஒண்ணும் வேண்டாம்'னு போயிட்டான்னா? என் மானமும் போயி, அந்த ஸ்டூலும் காலியாத்தானே கெடக்கும்?"

"கெடக்கட்டும்" என்றாள் சுலைகா. "நீங்க அவகிட்டேருந்து எடுத்தது ஸ்டூல இல்லியே அண்ணே."