தீராத குண்டூசி டப்பா

"நிலுவையில் ஒரு மனுகூட இல்லை. ஆனாலும் வாசலில் கூட்டம் குறையவில்லை. ஏன்?"

கேட்டவர் கோட்டாட்சியர் தணிகைவேல். கேட்கப்பட்டவர் அமலோற்பவம்.

அலுவலக வாசலில், சைக்கிள் ஸ்டாண்டை ஒட்டி, ஒரு மேசையும் இரண்டு ஸ்டூலும் போட்டு இருபத்திரண்டு வருடமாக மனு எழுதிக் கொடுப்பவர் அமலோற்பவம். ஒன்பது கோட்டாட்சியர்கள் வந்ததையும் போனதையும் பார்த்தவர். அலுவலக விஷயத்தில் சந்தேகம் என்றால் பியூனிலிருந்து தலைமை எழுத்தர் வரை அவரிடம்தான் போவார்கள். கோட்டாட்சியரே வந்தது இதுதான் முதல் தடவை.

வந்தே தீர வேண்டியிருந்தது. மறுநாள் காலை கலெக்டர் கேடயத்தோடு வருகிறார். மாவட்டத்திலேயே மனு தேங்காத ஒரே அலுவலகம் இது. வாசலில் கரும்பலகை: 'நிலுவை மனுக்கள்: 0'. தணிகைவேல் பொறுப்பேற்ற முதல் வாரத்தில் மாட்டியது. பதினான்கு மாதமாக அந்தப் பூஜ்யம் மாறவில்லை. அதற்குக் கீழேயே நூறு பேர் நிற்பதைக் கலெக்டர் பார்த்தால் கேட்க மாட்டாரா?

அமலோற்பவம் மேசையிலிருந்த சின்னத் தகர டப்பாவை அவர் முன்னால் தள்ளினார். உள்ளே குண்டூசி.

"உங்க போர்டு மாட்டின அன்னைக்கு வாங்கினது சார். நூறு ஊசி. விசாரணை வேணுங்கிற மனுதான், தினம் முப்பது எழுதுறேன். ஒவ்வொண்ணுக்கும் ஒரு ஊசி குத்தித்தான் உள்ளே அனுப்புறேன். டப்பா இன்னும் தீரலை."

"நான் என்ன கேட்டேன், நீங்க என்னம்மா சொல்றீங்க?"

"அந்த ஸ்டூல்ல உக்காருங்க. அடுத்த மனுவை நீங்க எழுதுங்க."

தணிகைவேல் சிரித்தார். எழுத்தராகத் தொடங்கி முப்பது வருடம் காகிதத்தோடு புழங்கியவர். உட்கார்ந்தார்.

அடுத்து வந்தது ஒரு பெண். பெயர் செவ்வந்தி. மலையடிவாரக் குடியிருப்பு. பன்னிரண்டாம் வகுப்பு முடித்தவள். நர்சிங் கல்லூரியில் இடம் கிடைத்திருக்கிறது. வெள்ளிக்கிழமைக்குள் பழங்குடிச் சான்று கொடுக்காவிட்டால் அந்த இடம் வேறு ஆளுக்குப் போய்விடும். அன்று செவ்வாய்.

அவள் தணிகைவேலை ஒரு பார்வை பார்த்தாள்.

"அக்கா, இந்த அண்ணாச்சி புதுசா?"

"இன்னைக்குத்தான் சேர்ந்திருக்கார்."

"நல்லா எழுதுவாரா?"

"பாப்போம்."

தணிகைவேல் பேனாவைத் திறந்தார். "ஏம்மா, கோட்டாட்சியரையே நேர்ல பாத்துச் சொல்ல வேண்டியதுதானே?"

"எங்கே பாக்க? ஏழு தடவை வந்துட்டேன். ஜீப்பைத்தான் பாத்திருக்கேன்."

"துணைக்கு யாரும் வரலையா?"

"அண்ணன் இருக்கான். அவனும் இதே சான்றுக்குத்தான் நடந்தான், ஐ.டி.ஐ.யில சேர. ஒரு வருஷம் நடந்துட்டு விட்டுட்டான். இப்போ செங்கல் சூளையில கிடக்கான்."

தணிகைவேல் குனிந்து எழுதினார். அனுப்புநர், பெறுநர், பொருள், பார்வை. விதி எண், அரசாணை எண். எவனும் குறை சொல்ல முடியாத மனு. அவள் அப்பாவின் பழைய சான்றை ஜெராக்ஸ் எடுத்து வைத்திருந்தாள். அதைப் பின்னால் வைத்து, டப்பாவிலிருந்து ஒரு ஊசி எடுத்துக் குத்திக் கொடுத்தார்.

செவ்வந்தி உள்ளே போனாள்.

பத்து நிமிடத்தில் திரும்பி வந்தாள். மனுவும் அவளோடு வந்தது.

"தாத்தாவோட சான்றும் வேணுமாம்."

"தாத்தா சான்றா?" தணிகைவேல் எழுந்துவிட்டார். "அப்படி ஒரு விதியே கிடையாதே! யார் சொன்னது?"

"கவுன்ட்டர்லதான். போன தடவை ரேஷன் கார்டு ஜெராக்ஸ் மங்கலா இருக்குன்னாங்க. அதுக்கு முந்தி, முகவரியில கதவு எண் இல்லைன்னாங்க. எங்க வீட்டுக்குக் கதவே இல்லை அண்ணாச்சி."

அமலோற்பவம் டப்பாவை நீட்டினார்.

"ஊசியைக் கழட்டி இதுல போடுங்க சார். அடுத்த ஆளுக்கு ஆகும்."

தணிகைவேலின் விரல்கள் ஊசிமேல் போய் நின்றன. அப்போதுதான் ஜெராக்ஸின் இடது மூலையைப் பார்த்தார்.

தூக்கி வெளிச்சத்தில் பிடித்தார். பொட்டுப் பொட்டாக வெயில் தெரிந்தது.

ஏழு ஓட்டைகள். எட்டாவதில் அவர் குத்திய ஊசி.

கழற்றவில்லை. அப்படியே எடுத்துக்கொண்டு உள்ளே போனார். செவ்வந்தி ஒன்றும் புரியாமல் பின்னாலேயே ஓடினாள்.

கவுன்ட்டர் எழுத்தர் பதறி எழுந்தார்.

"இதைப் பதிவு பண்ணுங்க."

"ஐயா, இதுக்கு விசாரணை முடியவே ஒரு மாசம் ஆகும். பதினஞ்சு நாளைத் தாண்டினா மெமோன்னு நீங்கதானே சுற்றறிக்கை விட்டீங்க? இதுவரைக்கும் மூணு பேர் வாங்கியாச்சு. எனக்கும் பிள்ளைகுட்டி இருக்குங்க ஐயா."

"அதனால?"

"அதனால... முடியாதுன்னு தெரிஞ்சா எடுக்கிறதில்லை. எடுத்தாத்தானே ஐயா நிலுவை."

எழுத்தர் அதைக் கூச்சமில்லாமல், வேலை தெரிந்தவரின் நிதானத்தோடு சொன்னார். பின்சுவரில் அந்தச் சுற்றறிக்கை ஒட்டியிருந்தது. கீழே பச்சை மையில் தணிகைவேலின் கையெழுத்து.

"பண்ணுங்க," என்றார்.

முத்திரை விழுந்தது. ஒப்புகைச் சீட்டை அவரே கிழித்து அவளிடம் கொடுத்தார்.

"நாளைக்குக் காலையில ஏழு மணிக்கு உங்க குடியிருப்புக்கு விசாரணைக்கு வர்றேன். நானே வர்றேன்."

"அண்ணாச்சி... நீங்களா அது?"

"ஐயா," எழுத்தர் இடையில் புகுந்தார், "நாளைக்குக் கலெக்டர் வர்றாருங்க."

"வந்தா காத்திருக்கட்டும். வாசல்ல இடம் இருக்கு. கூட்டத்தோட நிக்கட்டும்."

மனு வாங்குகிறார்கள் என்ற செய்தி வாசலுக்குப் போக ஒரு நிமிடம்கூட ஆகவில்லை. திருப்பி அனுப்பப்பட்ட மனுக்களை எறியாமல் வைத்திருந்தார்கள். பிளாஸ்டிக் பைகளிலிருந்தும், இடுப்பு மடிப்பிலிருந்தும், பழைய டைரிக்குள்ளிருந்தும் அவை வெளியே வந்தன. அமலோற்பவத்துக்கு எழுதும் வேலையே இல்லை. ஊசி குத்தித் தருவதுதான் வேலை.

அன்று உள்ளே போன ஊசி ஒன்றும் திரும்பி வரவில்லை.

ஐந்து மணிக்குப் பியூன் பூவலிங்கம் வழக்கம்போலச் சாக்பீஸோடு கரும்பலகை முன்னால் வந்து நின்றார். பதினான்கு மாதத்தில் முதல் தடவையாக அவருக்குக் கை ஓடவில்லை.

"ஐயா, என்ன எழுத?"

தணிகைவேல் சைக்கிள் ஸ்டாண்டுப் பக்கம் பார்த்தார். அமலோற்பவம் டப்பாவைக் கவிழ்த்துத் தட்டிக்கொண்டிருந்தார். ஒன்றும் விழவில்லை.

"நூறுன்னு எழுதுங்க."

பூவலிங்கம் பூஜ்யத்தை அழித்தார். அது எளிதில் அழியவில்லை. எச்சில் தொட்டுத் தேய்க்க வேண்டியிருந்தது.

"நூறு பேரும் இன்னைக்கு வந்து நின்னவங்க சார்," என்றார் அமலோற்பவம், காலி டப்பாவை மூடியபடி. "செவ்வந்தி அண்ணனை எதுல எழுதுவீங்க?"