முதலில் யாருக்கு வழி?

சரியான பதில் சொன்ன குற்றத்துக்காகத் தங்கபுஷ்பத்தை எல்.எல்.ஆர். தேர்வில் ஃபெயிலாக்கினார் பிரேக் இன்ஸ்பெக்டர் கனகசபாபதி. “ரோட்டுல முதல்ல யாருக்கு வழிவிடணும்?” என்று கேட்டார். “ஆம்புலன்ஸுக்கு” என்றாள்.

“தப்பு! நடந்து போறவங்களுக்கு!”

அடுத்த மாதம் மறுபடி வந்து நின்றாள். இன்றும் தோற்றால், அவளுக்கென்று சொல்லிவைத்த குப்பை வண்டி ஓட்டும் வேலை வேறொருத்திக்குப் போய்விடும். அதே கேள்வி வந்தது.

“நடந்து போறவங்களுக்கு, சார்.”

“தப்பு! ஆம்புலன்ஸுக்கு!”

பின்னால் நின்ற வரிசையே வாயைப் பிளந்தது. அவரோ பேனா மூடியைக்கூடத் திறக்கவில்லை. “கடைசியாக் கேக்கேன். யாருக்கு?”

“இண்டிகேட்டர் போடாம இஷ்டத்துக்குத் திரும்புறாங்க பாருங்க, அவங்களுக்குத்தான் சார். உங்களுக்கு வழிவிட்டுத்தானே ஒரு மாசமா ஓரமா நிக்கேன்!”