சாப்பிட்டியா என்று கேட்ட காளான்

அந்தக் காலத்தில், மரமும் செடியும் வாய்விட்டுப் பேசிய காலத்தில், காளானுக்குக் கால்கள் இருந்தன. ஒன்றிரண்டு அல்ல, ஒரு கொத்துக் கால்கள். தலையில் குடையை விரித்துக்கொண்டு மலை முழுக்கச் சுற்றி வரும். எந்தக் குரங்குக்கும் எந்தக் குரங்குக்கும் சண்டை என்று அதைக் கேட்டால் தெரியும். சுற்றுவதற்குக் குறைவில்லை, சோற்றுக்குத்தான் வழியில்லை.

செடி கொடியெல்லாம் பச்சை இலையில் வெயிலைப் பிடித்துத் தமக்கு வேண்டியதைச் சமைத்துக்கொள்ளும். காளானுக்கு இலை ஏது? வேளைக்கு ஒரு வாசலில் போய் நிற்கும். மூங்கில் "நாளைக்கு வா" என்றது. நெல்லி "இருந்தா தரமாட்டேனா" என்றது, கிளை கொள்ளாமல் காய்த்துக்கொண்டே.

பாறைமேல் தனியாக நின்ற குங்கிலிய மரம் மட்டும், "வா தம்பி, உக்காரு" என்றது. வேரோரத்தில் இனிப்பான சாறு கொஞ்சம் வடித்துக் கொடுத்தது. மறுநாளும் கொடுத்தது. காளான் தினமும் வரும், குடிக்கும், வாயைத் துடைத்துக்கொண்டு ஊர்க்கதை பேசிவிட்டுப் போகும். இப்படியே பல வருஷம் ஓடியது.

பிறகு இரண்டு வருஷம் மழை பொய்த்தது. பாறைமேல் நின்ற மரத்துக்கு இலை உதிரத் தொடங்கியது. ஆனாலும் காளானுக்குக் கொடுக்கும் சாறு நிற்கவில்லை. காளானும் எதையும் கவனிக்கவில்லை. தலைக்கு மேல் குடை வைத்திருப்பவனுக்கு அண்ணாந்து பார்க்க எங்கே தோன்றும்?

ஒரு காலையில் காளான் குடித்துக்கொண்டிருந்தபோது அந்த மலையில் குடியிருந்த சடையனும் அவன் மனைவி வெள்ளச்சியும் அங்கே வந்தார்கள். அந்த மரத்தில் வடியும் குங்கிலியத்தைத்தான் அவர்கள் சாமிக்குப் புகை போடுவது.

"மரம் பட்டுக்கிட்டு வருது புள்ள. வெட்டினா அடுப்புக்காவது ஆகும்" என்றான் சடையன்.

"இத்தனை வருசம் நமக்குக் குடுத்த மரமய்யா. வெட்ட எப்படி மனசு வருது?"

"நின்னுக்கிட்டே சாகறதைப் பாக்கவும் மனசு வரலியே."

வெள்ளச்சி பட்டையைத் தடவிப் பார்த்தாள். "இந்த வருசத்து மொத இடி வரைக்கும் பொறு. அதுக்குள்ள ஒத்தத் துளிரு விட்டா விட்டுருவோம். இல்லேன்னா நானே கோடாலி எடுத்துத் தாரேன்."

அவர்கள் போனதும் காளான் முதல்முறையாகக் குடையைச் சாய்த்து மேலே பார்த்தது. உச்சியில் ஏழெட்டு இலைதான் மிச்சம்.

"அக்கா, நீ சாப்பிட்டியா?"

"என்னை யாரும் இப்படிக் கேட்டதில்ல தம்பி" என்றது மரம்.

காளானுக்கு உடம்பெல்லாம் கூசியது. தின்ற நாளை எண்ணி மாளாது, கேட்டது இன்றுதான்.

"பாறைக்குள்ள தண்ணி இருக்கு. சத்தம் கேக்குது" என்றது மரம். "வெடிப்பு மயிரிழை அகலந்தான். என் வேரு நுழையாது."

காளான் தன் கால்களைப் பார்த்தது. "நூலு நூலாப் பிரிச்சா என் காலு நுழையும்."

"அப்புறம் நடக்க முடியாதே. ஊர் சுத்தாம உன்னால இருக்க முடியுமா?"

"எல்லா வாசலும் பாத்தாச்சு அக்கா. சோறு போட்டது இந்த ஒரு வாசல்தான்."

சொல்லிவிட்டு, ஒவ்வொரு காலாகப் பஞ்சைப் பிரிப்பதுபோலப் பிரித்தது. வலித்தது, நிறுத்தவில்லை. நூலின் ஒரு முனையை மரத்தின் வேரில் சுற்றியது, மறுமுனையை வெடிப்புக்குள் விட்டது. கடைசிக் காலையும் பிரித்ததும் நிற்க முடியாமல் குடை சாய்ந்து, காளான் மண்ணுக்குள் போய்விட்டது. மூன்றாம் நாள் நூல் தண்ணீரைத் தொட்டது.

சில நாளில் முதல் இடி இடித்தது. சடையன் கோடாலியோடு வந்தான், பின்னால் வெள்ளச்சி. அவள்தான் முதலில் பார்த்தாள். உச்சிக் கிளையில் விரல் நீளத்துக்குச் சிவப்பாக ஒரு துளிர். சடையன் கோடாலியைக் கீழே போட்டுவிட்டு மரத்தைக் கும்பிட்டான்.

அப்போது வேரோரத்தில் மண் விரிந்து, வெள்ளை வெள்ளையாகக் குடைகள் எழுந்தன. "அக்கா, சாப்பிட்டியா?" என்றது ஒரு குரல்.

"வயிறாரச் சாப்பிட்டேன் தம்பி. நீ?"

"நீ குடுத்தாத்தான் எனக்கு."

பிறகு காளான் வெள்ளச்சியிடம் சொன்னது: "தாயி, நீ பொறுத்ததாலதான் எங்க அக்கா இருக்கா. ஒரு கைப்பிடி எடுத்துக்கோ. மண்ணைக் கிளறி நூலை மட்டும் அறுத்துடாதே."

அன்று முதல்தான் அந்த வெள்ளைக் காளான் வேறெங்கும் முளைக்காமல், குங்கிலிய மரத்தடியில் மட்டும், வருஷத்தின் முதல் இடி இடித்ததும் மூன்றே நாள் தலைகாட்டிவிட்டுப் போகிறது. அதைத் தேடிப் போகும் அந்த மலைக்காரர்களும் மண்ணைத் தொடுவதற்கு முன் அண்ணாந்து உச்சியைப் பார்த்து, "சாப்பிட்டியா தாயி?" என்று கேட்கிறார்கள்; துளிர் தெரியாவிட்டால் வெறுங்கையோடு வீடு திரும்பிவிடுகிறார்கள்.