பெயரில்லாத மரக்காளான்

ஆற்றுப்பாலம் முடிகிற இடத்தில், பேருந்து நிறுத்தத்தின் கூரைக்கு மேல் கிளை விரித்து ஒரு மருதமரம் நின்றிருந்தது. ஓர் ஐப்பசி மழையில் அதன் அடித்தூரில் ஒரு காளான் முளைத்தது. குடை பிடிக்கிற காளான் அல்ல. சுவரில் அடித்த பலகை மாதிரி மரத்தோடு ஒட்டி வளர்கிற மரக்காளான். மேலே காவி நிறம், ஓரத்தில் வெள்ளை விளிம்பு, அடியில் ஊசிமுனை அளவில் துளைகள்.

அது வெளியே தலைகாட்டிய அன்றே மருதம் கேட்டது: “நீ யார்?”

காளான் யோசித்துப் பார்த்தது. இருட்டுக்குள் நூலிழையாய் ஊர்ந்தது, பசித்தபோது தின்றது, ஒருநாள் வெளிச்சத்துக்கு வந்தது. தன்னைப் பற்றி அதற்குத் தெரிந்தது அவ்வளவுதான். “செத்த மரத்தைத்தான் தின்கிறேன் என்று நினைக்கிறேன்” என்று தயங்கிச் சொன்னது.

“என்னில் செத்தது எதுவும் இல்லை” என்றது மருதம்.

அதோடு காளானின் நிம்மதி போயிற்று. செத்தது எதுவும் இல்லையென்றால், இத்தனை நாளும் தான் தின்றது எதை?

மார்கழியில் சாலை ஆய்வாளர் கொம்பையா வந்தார். பேருந்துக்கு நிற்கிறவர்கள் தலையில் மரம் விழுந்துவிடுமோ என்பது அவர் கவலை. மரத்தை வெட்டச் சொல்லி எழுதுவதற்கு முன் ஒருமுறை கேட்டுவிடலாம் என்று, மரக்காளான்களை வகை பிரிக்கிற நஸீராவைக் கையோடு அழைத்து வந்திருந்தார்.

நஸீரா ஈரமண்ணில் மண்டியிட்டாள். காளானின் அகலத்தை அளந்தாள், முகர்ந்தாள், விரலால் அழுத்தி நிறம் மாறுகிறதா என்று பார்த்தாள், லென்ஸை வைத்துத் துளைகளை எண்ணினாள். பிறகு கத்தியால் ஓரத்தில் ஒரு துண்டு அறுத்துக் காகித உறையில் போட்டுக்கொண்டாள். அறுத்த வலியைவிட அவள் பேச்சுதான் காளானை நடுங்க வைத்தது. இந்தச் சாயலில் இரண்டு வகை உண்டாம். ஒன்று செத்த கட்டையை மட்டும் தின்னும். மற்றது உயிருள்ள வேரையே கொன்றுவிடும். வெளிப்பார்வைக்கு இரண்டும் ஒன்றுபோல் இருக்கும். நுண்ணோக்கியில் பார்த்துச் சொல்ல மூன்று வாரமாகும் என்றாள்.

“ரெண்டாவது வகைன்னா?” என்று கேட்டார் கொம்பையா.

“வெட்டித்தான் ஆகணும், சார்.”

அந்த மூன்று வாரமும் காளான் எதையும் தின்னவில்லை. தின்றால் எது வாயில் படுமோ என்று பயம். வெள்ளை விளிம்பு மங்கி மஞ்சளித்தது. மேலே ஏறிய ஓர் எறும்பை நிறுத்தி, என்னைப் பார்த்தால் கொல்கிறவன் மாதிரி இருக்கிறதா என்று விசாரித்தது. எனக்கு நீ ஒரு மேடு, அவ்வளவுதான் என்று சொல்லிவிட்டு எறும்பு போய்விட்டது. ஒவ்வொரு பேருந்து நிற்கும்போதும், இறங்குவது யார் என்று மருதமும் காளானும் பார்த்துக்கொண்டிருந்தன.

இருபத்திரண்டாம் நாள் நஸீரா இறங்கினாள். கொம்பையா முன்பே வந்து காத்திருந்தார்.

“ரெண்டும் இல்ல, சார். நான் தேடின எந்தப் புத்தகத்துலயும் இது இல்ல. இதுக்கு இன்னும் யாரும் பேரே வைக்கல.”

“பேரு கிடக்கட்டும். நல்லதா கெட்டதா, அதைச் சொல்லுங்க மேடம்.”

“எதைத் தின்னுதுன்னு பார்த்தாத்தான் சொல்ல முடியும்.”

மரத்தை வெட்டாமல் கிளைகளை மட்டும் கழித்து, பேருந்து நிற்கிற இடத்தை எதிர்ப்பக்கம் தள்ளிவைத்தால், ஒரு வருஷம் மாதாமாதம் வந்து பார்த்து எழுதுகிறேன் என்றாள். கொம்பையா மரத்தை ஒருமுறை அண்ணாந்து பார்த்தார். அரைமனதாகத் தலையசைத்தார். அவள் நோட்டில் நிறம், அளவு, துளை என்று ஒவ்வொன்றாக நிரப்பினாள். பெயர் என்ற இடத்தையும் உணவு என்ற இடத்தையும் காலியாக விட்டாள்.

அவர்கள் போனதும் மருதம் மூச்சு விட்டது. காளானால் அது முடியவில்லை. கெட்ட பெயரே வந்திருந்தால்கூட, நான் பிறந்த வகை அப்படி என்று சொல்லிக்கொண்டு இருந்திருக்கலாம். இப்போது அந்தச் சாக்கும் இல்லை. மூன்று வாரப் பசி வேறு உள்ளே இழுத்தது.

“எனக்குப் பசிக்கிறது” என்றது மருதத்திடம். “உள்ளே ஒரே இருட்டு. எது செத்தது, எது உயிரோடு இருக்கிறது என்று எனக்குப் பிரித்துப் பார்க்கத் தெரியவில்லை. உங்களுக்குத்தான் தெரியும். சொன்னால், அங்கே மட்டும் போகிறேன்.”

இரண்டு பேருந்துகள் வந்து போயின. காளான் தன் இழைகளைச் சுருட்டிக்கொண்டு காத்திருந்தது.

“வடக்குப் பக்கத்துப் பெரிய வேர்” என்றது மருதம் கடைசியில், தன் இலைகளுக்கே கேட்காத குரலில். “பாலத்துக்குத் தோண்டும்போது அறுபட்டது. அது செத்து ஒன்பது வருஷமாகிறது.”